ரோபோ கைக்கு வேலை கற்றுக்கொடுக்க நான்கு வழிகள்: உங்களுக்கு எது?

மேசையில் ஒரு ரோபோ கை, அதற்கு மேலே ஒரு கேமரா, பக்கத்தில் கிராபிக்ஸ் கார்டு போட்ட ஒரு கம்ப்யூட்டர், சில மாத அவகாசம். இறுதியாண்டு பொறியியல் மாணவர்கள், சின்ன ஆட்டோமேஷன் பட்டறை நடத்துபவர்கள், வெறும் ஆர்வத்தில் வாங்கியவர்கள் என்று இந்த நிலையில் இன்று நிறையப் பேர் இருக்கிறார்கள். எல்லோருக்கும் வரும் கேள்வி ஒன்றுதான்: இதற்கு எப்படி வேலை கற்றுக்கொடுப்பது?

வழிகள் நான்கு. அசைவுகளை நாமே எழுதிவிட்டு, பார்ப்பதை மட்டும் நியூரல் நெட்வொர்க்கிடம், அதாவது மாதிரிகளைப் பார்த்துக் கற்கும் மென்பொருளிடம் விடலாம். நாம் செய்துகாட்டி, அதைப் பார்த்துக் கற்கச் செய்யலாம். சிமுலேட்டருக்குள், அதாவது கம்ப்யூட்டரில் ஓடும் பாவனை உலகத்துக்குள், தானாகத் தட்டுத் தடுமாறிக் கற்றுக்கொள்ள விடலாம். அல்லது பிறர் பல ரோபோக்களில் பயிற்சி கொடுத்து வெளியிட்டிருக்கும் பெரிய மாடலை (கற்று முடித்த நெட்வொர்க்கை) எடுத்து நம் வேலைக்குத் தகுந்தபடி திருத்திக்கொள்ளலாம். ஒவ்வொரு புது வழி வரும்போதும் பழையது செத்துவிட்டது என்றுதான் பேச்சு அடிபடுகிறது. ஆனால் நான்கும் இன்று உயிரோடுதான் இருக்கின்றன. எது புதியது என்று பார்த்துத் தேர்ந்தெடுப்பதைவிட, கற்பதற்கு வேண்டிய டேட்டா உங்களுக்கு எங்கிருந்து மலிவாகக் கிடைக்கும் என்று பார்ப்பதே பலன் தரும் என்பது என் கருத்து. சூத்திரம், மனிதக் கை, சிமுலேட்டர், ஊரார் சேர்த்துவைத்தது: ஒவ்வொரு வழியும் இவற்றில் ஒன்றை நம்பித்தான் நிற்கிறது.

கண்ணுக்கு மட்டும் கற்றல்

1961இல் அமெரிக்காவின் நியூ ஜெர்சியில் ஜெனரல் மோட்டார்ஸ் தொழிற்சாலையில் யூனிமேட் என்ற ரோபோ கை வேலைக்குச் சேர்ந்தது. அன்றிலிருந்து தொழிற்சாலை ரோபோக்களில் பெரும்பாலானவை ஒரே மாதிரிதான் ஓடுகின்றன: இந்தப் புள்ளிக்குப் போ, பிடி, அந்தப் புள்ளிக்குப் போ, விடு. பொருள் எப்போதும் அதே இடத்தில் இருந்தால் இதில் இயந்திரக் கற்றலுக்கு வேலையே இல்லை. பொருள் தள்ளியோ திரும்பியோ குவியலாகவோ கிடக்கும்போதுதான் அது தேவைப்படுகிறது. பொருள் எங்கே, எந்தக் கோணத்தில் கிடக்கிறது என்பதை கேமரா படத்தைப் பார்த்து நெட்வொர்க் சொல்லும். அங்கே போக ஒவ்வொரு மூட்டும் எவ்வளவு திரும்ப வேண்டும் என்பது பழைய ஜியோமெட்ரி கணக்கு.

இந்த வழியைச் சாதாரணமாக நினைக்கக் கூடாது. 2015இல் சியாட்டிலில் அமேசான் ஒரு போட்டி நடத்தியது. அலமாரியிலிருந்து 20 நிமிடத்தில் 12 பொருட்களை ரோபோ தானாக எடுக்க வேண்டும். ஜெயித்தது பெர்லின் தொழில்நுட்பப் பல்கலைக்கழக அணி, 10 பொருட்களை எடுத்து. அவர்கள் ரோபோவின் முனையில் இருந்தது ஐந்து விரல் கை அல்ல, உறிஞ்சிப் பிடிக்கும் ஒரு குழாய். வாக்குவம் கிளீனர்தான்! 2017இல் ஜப்பானின் நகோயாவில் நடந்த போட்டியில் ஜெயித்த ஆஸ்திரேலிய அணியின் ‘கார்ட்மேன்’ மனிதக் கை போலவே இல்லை. மூன்று திசையில் நேர்கோட்டில் ஓடும் தண்டவாளங்கள், அவ்வளவுதான். புதுப் பொருளை ஒருசில படங்களிலேயே அடையாளம் கண்டுகொள்ளும்படி கண்ணை மட்டும் நன்றாகப் பழக்கியிருந்தார்கள். இயந்திர அமைப்பிலேயே தீர்க்கக்கூடிய சிக்கலை மாடலின் தலையில் கட்டாதீர்கள் என்று இந்த இரண்டு வெற்றிகளையும் நான் படித்துக்கொள்கிறேன்.

எந்த இடத்தில் பிடித்தால் நழுவாது என்பதையும் கற்பிக்கலாம். அமெரிக்காவின் பெர்க்லி பல்கலைக்கழகத்தில் கென் கோல்ட்பர்க்கின் குழு 2017இல் வெளியிட்ட டெக்ஸ்-நெட் 2.0 என்ற மாடல், 67 லட்சம் மாதிரிகளில் பயிற்சி பெற்றது. அத்தனையும் முப்பரிமாண வடிவங்களிலிருந்து கம்ப்யூட்டரே உருவாக்கியவை. எந்தப் பிடி நிற்கும், எது நிற்காது என்பதை இயற்பியல் சூத்திரத்தைக் கொண்டே கணித்துக் குறித்துவிட்டார்கள். மனிதர் உட்கார்ந்து ஒவ்வொன்றாகக் குறிக்க வேண்டியிருக்கவில்லை.

இந்த வழியின் பெரிய வசதி, தவறு நேர்ந்தால் எங்கே நேர்ந்தது என்று கண்டுபிடிக்க முடிவது. கண் தவறாகப் பார்த்ததா, கேமராவுக்கும் கைக்கும் இடையிலான அளவீடு நகர்ந்துவிட்டதா, பிடி இறுகவில்லையா என்று ஒவ்வொன்றாகச் சோதிக்கலாம். கெட்டியான, உருவம் மாறாத பொருட்களுக்கு இன்றும் இதுதான் முதல் தேர்வு. துணி, வயர், பிளாஸ்டிக் பை என்று வந்தால் இது கைவிட்டுவிடும். மடிந்து கிடக்கும் சட்டைக்கு எது ‘கோணம்’? கண்ணாடிக் குப்பியும் பளபளக்கும் உலோகமும் இன்னொரு தலைவலி. ஆழத்தை அளக்கும் கேமராக்களில் பல அவற்றின் முன் தடுமாறுகின்றன.

செய்துகாட்டிப் பழக்குவது

சட்டையை எப்படி மடிப்பது என்று சூத்திரம் எழுத நமக்குத் தெரியாது. ஆனால் மடிக்கத் தெரியும். இமிட்டேஷன் லேர்னிங் அங்கிருந்துதான் தொடங்குகிறது. ஒரு மனிதர் ரோபோவை இயக்கி வேலையைப் பலமுறை செய்துகாட்டுவார். அப்போது கேமரா கண்டதும் மூட்டுகள் அசைந்த விதமும் பதிவாகும். இந்தப் படம் தெரிந்தால் இந்த அசைவு என்று மாடல் கற்றுக்கொள்ளும்.

2023இல் ஸ்டான்ஃபோர்டில் டோனி ஜாவோவும் குழுவும் வெளியிட்ட அலோஹா இதற்குப் பெரிய உந்துதல் கொடுத்தது. 20,000 டாலருக்குள் அடங்கும் இரட்டைக் கை அமைப்பு அது. முன்னால் இருக்கும் சிறிய கைகளை நீங்கள் பிடித்து அசைத்தால், பின்னால் இருக்கும் கைகள் அப்படியே செய்யும். ஒரு வேலைக்கு 50 தடவை, அதாவது மொத்தம் பத்து நிமிட அளவுக்குச் செய்துகாட்டியதை வைத்தே, பேட்டரியைச் சொருகுவது, சின்ன சாஸ் கிண்ணத்தின் மூடியைத் திறப்பது போன்ற நுட்பமான வேலைகளில் 80 முதல் 90 சதவீத வெற்றி கிடைத்தது. விலை குறைந்த மோட்டார்களாலும் நுட்பமான வேலை நடக்கும் என்று அது காட்டியது. இன்று ஹக்கிங் ஃபேஸ் நிறுவனத்தின் லீரோபோட் மென்பொருளும், 3டி பிரிண்டரில் அச்சிட்டு ஆறு சிறிய மோட்டார்களைப் பொருத்திக்கொள்ளும் எஸ்ஓ-100, எஸ்ஓ-101 கைகளும் இருப்பதால், சில நூறு டாலருக்குள் இதே பாணியில் தொடங்கிவிடலாம்.

இதில் ஒரு பழைய பள்ளம் இருக்கிறது, தெரிந்துகொண்டுதான் இறங்க வேண்டும். செய்துகாட்டியவர் எப்போதும் சரியாகவே செய்திருப்பார். ரோபோ ஒரு சென்டிமீட்டர் விலகினால், அது பயிற்சியில் பார்த்தே இராத நிலைக்கு வந்துவிடுகிறது. அங்கே என்ன செய்வது என்று தெரியாமல் இன்னும் விலகும். பிழை கூடிக்கொண்டே போகும். படிகளின் எண்ணிக்கை இருமடங்கானால் பிழை நான்கு மடங்கு வரை ஆகலாம் என்பதை ஸ்டெஃபான் ராஸ், ஜெஃப்ரி கார்டன், ட்ரூ பாக்னெல் ஆகியோரின் 2011 ஆய்வு விளக்கி, அதற்கு ஒரு மருந்தும் சொன்னது: ரோபோவையே ஓடவிடுங்கள், அது வழிதவறிப் போன இடங்களில் சரியான அசைவு எது என்று மனிதர் சொல்லட்டும், அதையும் டேட்டாவில் சேர்த்து மறுபடி பயிற்சி கொடுங்கள். அதற்கும் முன்னால், 1990ஐ ஒட்டிய ஆண்டுகளில், கார்னகி மெலன் பல்கலைக்கழகத்தில் டீன் பாமர்லோ ஒரு வண்டியைச் சாலையில் தானாக ஓட்டப் பழக்கியபோதே இந்தச் சிக்கலைச் சந்தித்தார். கேமரா படங்களைச் செயற்கையாக இடமும் வலமும் நகர்த்தி, ‘இப்படி விலகினால் இப்படித் திரும்பு’ என்று கற்பித்துச் சமாளித்தார்.

இரண்டாவது சிக்கல் சராசரி. நடுவில் ஒரு டப்பா இருக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். பாதி தடவை இடப்பக்கமாகச் சுற்றிப்போனீர்கள், பாதி தடவை வலப்பக்கமாக. எளிய மாடல் இரண்டையும் சராசரி எடுத்து நேராக டப்பாவில் போய் இடிக்கும். 2023இல் செங் சியும் குழுவும் வெளியிட்ட டிஃப்யூஷன் பாலிசி, படம் வரையும் ஏஐ மாடல்களின் உத்தியை அசைவுகளுக்குக் கொண்டுவந்து இதைப் பெருமளவு தீர்த்தது. சராசரி எடுக்காமல் ஏதாவது ஒரு பக்கத்தைத் தேர்ந்தெடுத்து அதிலேயே நிற்கும். அலோஹாவுடன் வந்த ஆக்ட் முறை வேறொரு உத்தி செய்தது. அடுத்த ஒரே ஒரு அசைவைக் கணிக்காமல், 100 அசைவுகளை, ஏறத்தாழ இரண்டு வினாடிக்கு உரியதை, ஒரே மூச்சில் கணித்துவிடும். முடிவெடுக்கும் தருணங்கள் குறைந்தால் விலகும் வாய்ப்பும் குறையும்.

எந்த மாடலை எடுப்பது என்று பலர் மண்டையை உடைத்துக்கொள்கிறார்கள். முதல் தடவை என்றால் ஆக்ட் போதும். டேட்டா எடுக்கும் ஒழுங்குக்குத்தான் அந்தக் கவலையெல்லாம் போக வேண்டும். கேமரா நகராதபடி திருகி இறுக்கியிருக்க வேண்டும். மணிக்கட்டில் இன்னொரு கேமரா இருந்தால் பிடிக்கும் கணத்தில் பொருள் மறையாது. செய்துகாட்டும்போது உங்கள் கண் ரோபோவைப் பார்க்காமல் கேமரா படத்தைப் பார்க்கட்டும். கேமராவுக்குத் தெரியாத எதையோ பார்த்து நீங்கள் முடிவெடுத்திருந்தால், அதை மாடலால் கற்கவே முடியாது. ஜன்னல் வெளிச்சத்தில் காலையில் எடுத்த டேட்டா மாலையில் காலை வாரிவிடும். திரை போடுங்கள், இல்லையென்றால் எல்லா நேரத்திலும் எடுங்கள். அப்புறம், தவறவிட்டு மறுபடி எடுப்பதையும் வேண்டுமென்றே சில தடவை பதிவு செய்யுங்கள்.

குறைகளும் சொல்ல வேண்டும். ரோபோ நீங்கள் செய்துகாட்டிய வேகத்தில்தான் பெரும்பாலும் செய்யும், உங்களைவிடத் திறமைசாலியாக ஆகாது. பொருளையோ மேசையையோ மாற்றினால் மறுபடி செய்துகாட்ட வேண்டிவரும். நான்கு படிகள் உள்ள வேலையில் ஒவ்வொரு படியும் 90 சதவீதம் என்றால், முழு வேலையும் ஒழுங்காக முடிவது சுமார் 66 சதவீதம்தான். டெமோ வீடியோவில் இந்தப் பெருக்கல் தெரியாது.

தானாகக் கற்கட்டும் என்று விடுவது

மூன்றாவது, ஆர்.எல். என்று சுருக்கிச் சொல்லும் ரீஇன்ஃபோர்ஸ்மென்ட் லேர்னிங். எப்படிச் செய்வது என்று சொல்லித்தராமல், நன்றாகச் செய்தால் மதிப்பெண் கொடுப்பது. மனிதரைவிட நன்றாகச் செய்ய வழி இருப்பது இதில்தான். விலையும் இதில்தான் அதிகம்.

நிஜ ரோபோவிலேயே கற்க வைத்தால் என்ன ஆகும் என்பதற்கு கூகுள் கணக்குக் காட்டியிருக்கிறது. 2016இல் வெளியான ஆய்வில் 14 ரோபோ கைகள் வரை வரிசையாக நிறுத்தி, இரண்டு மாதத்தில் 8 லட்சம் தடவைக்கு மேல் பொருட்களை எடுத்துப் பார்க்க வைத்தார்கள். 2018இல் இன்னும் தேர்ந்த முறையில் 5,80,000 முயற்சிகள். அதில் முன்பு பார்த்திராத பொருட்களை எடுப்பதில் 96 சதவீத வெற்றி. நம்மிடம் இருப்பது ஒரே ஒரு கை. பல் சக்கரம் தேய்ந்துபோகும் அதற்குள்.

எனவே சிமுலேட்டர். அங்கே இந்த முறை உண்மையிலேயே சாதித்த இடம் கால்கள். சூரிச்சின் ஈடிஹெச் பல்கலைக்கழகக் குழு எனிமல் என்ற நான்கு கால் ரோபோவை சிமுலேட்டரில் பழக்கி 2019இல் நிஜத் தரையில் ஓடவிட்டது. மோட்டாரின் நடத்தையைச் சூத்திரத்தால் சரியாக எழுத முடியவில்லை என்பதால், அதை மட்டும் நிஜ ரோபோவில் அளந்து ஒரு சிறு நெட்வொர்க்குக்குக் கற்பித்து சிமுலேட்டருக்குள் பொருத்தியதுதான் அதில் எனக்கு மிகவும் பிடித்த இடம். 2021இல் ஒரே ஒரு கிராபிக்ஸ் கார்டில் ஆயிரக்கணக்கான ரோபோக்களை ஒரே நேரத்தில் ஓட்டி, சமதளத்தில் நடக்க நான்கு நிமிடத்திலும் கரடுமுரடான தரைக்கு இருபது நிமிடத்திலும் கற்கவைத்தார்கள். 2023இல் சூரிச் பல்கலைக்கழகத்தின் ஸ்விஃப்ட் என்ற தானியங்கி அமைப்பு, ட்ரோன் பந்தயத்தில் மனித சாம்பியன்களையே தோற்கடித்தது.

கைக்கு வந்தால் கதை மாறுகிறது. ஓபன்ஏஐ 2019இல் ஒற்றை ரோபோ கையால் ரூபிக் க்யூபைத் தீர்த்துக் காட்டியது. எந்தப் பக்கத்தை எப்போது திருப்ப வேண்டும் என்பதை வழக்கமான ஒரு அல்காரிதம் சொல்லியது. விரல்களால் திருப்புவதுதான் ஆர்.எல். கற்றது. அதற்கே சிமுலேட்டரில் சுமார் 13,000 ஆண்டுகளுக்குச் சமமான பயிற்சி. அப்படியும் மிகக் கடினமாகக் கலைத்துவிட்ட க்யூபில் வெற்றி 20 சதவீதம்.

காலுக்கு எளிது, கைக்குக் கடினம் என்று ஏன்? நடக்கும் ரோபோவுக்குத் தரை என்ற ஒரே ஒரு பொருளோடுதான் உறவு, அடி வைப்பது சற்றுப் பிசகினாலும் அடுத்த அடியில் திருத்திக்கொள்ளும். கைக்கு ஆயிரம் பொருள், ஒவ்வொன்றுக்கும் வேறு வேறு உராய்வு, வேறு வேறு நெகிழ்வு. அவற்றை சிமுலேட்டரில் சரியாகக் கொண்டுவருவது கடினம். உராய்வு, எடை, ஒளி எல்லாவற்றையும் சிமுலேட்டரில் தாறுமாறாக மாற்றிக்கொண்டே பயிற்சி கொடுப்பது இதற்கான வழக்கமான சமாளிப்பு. ‘நன்றாக நட’ என்பதை வேகம், சாய்வு, மின்செலவு என்று எண்ணாக எழுதிவிடலாம், ‘சட்டையை அழகாக மடி’ என்பதற்கு எண் எது?

மதிப்பெண் கொடுப்பதில் இன்னொரு வேடிக்கையும் உண்டு. 2017இல் ஓபன்ஏஐ ஆய்வாளர்கள் மனிதர்களிடம் இரண்டிரண்டு வீடியோவாகக் காட்டி, எது மேல் என்று கேட்டு, அதையே மதிப்பெண்ணாக்கி ஒரு சிமுலேஷன் கையைப் பழக்கினார்கள். அது பொருளைப் பிடிக்கவில்லை. கேமராவுக்கும் பொருளுக்கும் நடுவில் கையைக் கொண்டுபோய் வைத்து, பிடித்திருப்பது போல் காட்டி மதிப்பெண் வாங்கிக்கொண்டது. பரீட்சையில் காப்பி அடிக்கும் பையனுக்கு இது சற்றும் இளைத்ததல்ல.

ஆயத்தப் பெரிய மாடல்

நான்காவது வழிக்குத்தான் இப்போது சத்தம் அதிகம். படத்தையும் மொழியையும் ஏற்கெனவே கற்ற மாடலுக்கு ரோபோ அசைவுகளையும் சேர்த்துக் கற்பிப்பது. 2023இல் கூகுள் டீப்மைண்டின் ஆர்டி-2விடம் மேசையில் கிடக்கும் பொம்மைகளில் ‘அழிந்துபோன விலங்கை எடு’ என்றால் டைனோசரை எடுத்தது. ரோபோ டேட்டாவில் அந்தப் பாடம் இல்லை. இணையத்தில் படித்த அறிவு கைக்கு வந்தது. ஆனால் 5,500 கோடி பாராமீட்டர் (கற்கும்போது மாறும் எண்கள்) கொண்ட அந்த மாடலால் வினாடிக்கு ஒன்று முதல் மூன்று முறைதான் முடிவெடுக்க முடிந்தது.

அதே ஆண்டில் பல ஆய்வுக்கூடங்கள் கைகோத்து, 22 வகை ரோபோக்களின் பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட பதிவுகளை ஒரே இடத்தில் திரட்டின. அதிலிருந்து எடுத்த 9.7 லட்சம் பதிவுகளில் பயிற்சி பெற்று 2024இல் வந்தது 700 கோடி பாராமீட்டர் கொண்ட ஓபன்விஎல்ஏ. ஃபிசிக்கல் இன்டலிஜன்ஸ் நிறுவனத்தின் பை-ஸீரோ மாடல் துணி மடித்துக் காட்டியது. அது 2025இல் எல்லோருக்கும் திறந்துவிடப்பட்டது. ஹக்கிங் ஃபேஸின் ஸ்மோல்விஎல்ஏ வெறும் 45 கோடி பாராமீட்டர், சாதாரண கிராபிக்ஸ் கார்டே போதும்.

இறக்கினேன், ஓட்டினேன் என்று இவை எதுவும் உங்கள் மேசையில் வேலை செய்துவிடாது. உங்கள் கை வேறு, கேமரா கோணம் வேறு. எப்படியும் சில டஜன் தடவை செய்துகாட்டி மாடலைத் திருத்த வேண்டும். ஆகவே இதை இரண்டாவது வழிக்கு மாற்று என்று நினைக்காமல், அதற்கு ஒரு நல்ல தொடக்கப்புள்ளி என்று எடுத்துக்கொள்வதே சரி. ஒரே ஒரு வேலை என்றால் சின்ன ஆக்ட் மாடலே இதைவிட வேகமாகவும் சிக்கல் இல்லாமலும் ஓடக்கூடும். பல பொருட்கள், பல வேலைகள், வாயால் சொல்லும் கட்டளை என்றால் பெரிய மாடலுக்கு அர்த்தம் உண்டு. கட்டளை என்றதும் நமக்கு ஒரு விஷயம்: இந்தத் தொகுப்புகளில் கட்டளைகள் பெரும்பாலும் ஆங்கிலத்தில்தான். தமிழில் பேசி இயக்க ஆசை என்றால், நடுவில் மொழிபெயர்த்துக் கொடுக்கும் ஓர் அடுக்கு வைத்துக்கொள்வது சுலபம்.

சரி, எதை எடுப்பது?

நட்டு, போல்ட், டப்பா, புட்டி என்று கெட்டியான பொருள், தெரிந்த இடம் என்றால் முதல் வழி. கூடவே உறிஞ்சும் முனையால் தீருமா என்று பாருங்கள். தீர்ந்தால் அதோடு விடுங்கள். துணி, வயர், மூடி, சொருகுவது என்று தொடுவுணர்வு கலந்த வேலைக்கு இரண்டாவது வழி. நடக்க, பறக்க, சமநிலை காக்க வேண்டியதற்கு மூன்றாவது; மேசை மேல் இருக்கும் கையோடு தொடங்குபவருக்கு அதைப் பரிந்துரைக்க மாட்டேன். நான்காவதை, இரண்டாவதை ஒருமுறை முழுதாகச் செய்து பார்த்த பிறகு எடுங்கள். டேட்டா எடுக்கும் பழக்கம் இல்லாமல் பெரிய மாடலுக்குப் போனால், தோற்கும்போது குறை மாடலிலா டேட்டாவிலா என்றே தெரியாது.

கலந்தும் செய்யலாம், நிஜத்தில் ஓடும் அமைப்புகள் பலவும் கலப்புதான். பொருளுக்குப் பக்கத்தில் வரை எழுதிவைத்த அசைவு, கடைசிச் சில சென்டிமீட்டருக்கு மட்டும் கற்ற அசைவு என்று பிரித்தால் டேட்டாவும் குறைவாகத் தேவைப்படும், தவறும் சின்ன இடத்துக்குள் அடங்கும். மாணவர் ப்ராஜெக்ட்டுக்கு இதைத்தான் நான் முதலில் சொல்வேன்.

எந்த வழியை எடுத்தாலும் ஒப்பிடும்போது எண்ணிக்கையில் ஏமாறாதீர்கள். 20 தடவையில் 18 வெற்றி என்றால் 90 சதவீதம் என்று எழுதிவிடுவோம். அந்த 20ஐ மட்டும் வைத்துச் சொன்னால், உண்மையான வெற்றி விகிதம் 68 முதல் 99 சதவீதம் வரை எங்கும் இருக்கலாம் என்கிறது புள்ளியியல். இன்னொரு மாடல் 20க்கு 16 எடுத்தது என்பதற்காக அது மோசம் என்று முடிவுகட்ட முடியாது. பொருளை வைக்கும் இடங்களை முன்கூட்டியே மேசையில் குறித்துவைத்து, இரண்டு மாடலுக்கும் அதே இடங்களைக் கொடுத்து, முடிந்தால் எந்த மாடல் ஓடுகிறது என்று வெற்றிகளை எண்ணுபவருக்கே தெரியாமல் சோதியுங்கள்.

கற்ற மாடல் எப்போது என்ன செய்யும் என்று யாரும் உத்தரவாதம் தர முடியாது. ஆகவே வேக வரம்பு, விசை வரம்பு, கை போகக்கூடாத எல்லை ஆகிய மூன்றையும் மாடலிடம் விடாமல், அதற்கும் மோட்டாருக்கும் நடுவில் நீங்களே எழுதி வையுங்கள். அவசர நிறுத்தப் பொத்தான் கம்ப்யூட்டர் வழியாகப் போகக் கூடாது. மோட்டாருக்குப் போகும் மின்சாரத்தையே அது நேராகத் துண்டிக்க வேண்டும். துண்டித்ததும் கை தன் எடையில் தொப்பென்று விழும் என்பதால், கீழே லேப்டாப்பை வைக்காதீர்கள்.